முழங்கை மட்டும் மிஞ்சிய டாக்டர்

அன்புள்ள அக்காவுக்கு,

தம்பி எழுதிக்கொள்வது. இங்கே நான் உயிரோடு இருக்கிறேன். வெள்ளிக்கிழமைக்குப் பிறகும் அப்படியே இருப்பேனா என்பது உன் கையில்தான் இருக்கிறது. போனில் சொன்னால் பக்கத்தில் இருக்கும் அத்தான் காதில் விழும் என்பதால் கம்பெனி டிரைவரிடம் இதைக் கொடுத்தனுப்புகிறேன். படிக்கும்போது முகத்தைச் சாதாரணமாக வைத்துக்கொள்.

நான் எடிட் செய்யும் படத்தில் அத்தான் டாக்டராக நடித்தாரே, அந்தக் காட்சியை வெட்டிவிட்டேன்.

வேண்டுமென்று வெட்டவில்லை. ஆறு வருடம் என்னோடு பேசாமல் இருந்தவர், இந்த வேஷம் வாங்கிக் கொடுத்த பிறகுதான் 'மாப்ளே' என்று வாய் திறந்தார். அதைக் கெடுத்துக்கொள்ள எனக்கென்ன பைத்தியமா? கதாநாயகியிடம் "உங்க அம்மா பொழைச்சுட்டாங்க, இனி பயப்பட வேண்டியதில்லை" என்று சொல்ல வேண்டும், அவ்வளவுதான் வசனம், ஆனால் 'வேண்டிய' வந்ததும் கண்ணை உருட்டி நேராகக் கேமராவைப் பார்த்துவிட்டார், அங்கே வெட்டினால் "இனி பயப்பட வேண்டிய" என்று நிற்கிறது, சரி, மீதியைக் கதாநாயகி முகத்தின்மேல் ஓட்டலாம் என்று பார்த்தால் அந்தப் பெண் எதையோ மென்றுகொண்டிருக்கிறாள், அத்தான் குரலில் அவளே பேசுவதுபோல் இருந்தது, முதுகுப்பக்கம் எடுத்த ஷாட்டைத் தேடிப் போட்டால் அதில் வெள்ளைக் கோட்டின் விலைச்சீட்டு தொங்குகிறது. டைரக்டர் பார்த்தார். "அவர் பயப்பட வேண்டியதில்லைன்னு சொல்றப்பதான்யா எனக்கே பயமா இருக்கு. தூக்கிடு" என்றார். தூக்கிவிட்டேன். கதவோரம் அத்தானின் முழங்கை மட்டும் ஒரு நொடி தெரியும்.

அவரோ ஆபீஸ் முழுவதையும், மேலதிகாரியைக் குடும்பத்தோடும், வெள்ளிக்கிழமை முதல் காட்சிக்கு அழைத்திருக்கிறாராம். நேற்று அவர் போன் செய்தபோது எடிட்டிங் மேஜைக்கு அடியில் ஒளிந்துகொண்டேன். போனில் என்னைப் பார்க்க முடியாது என்பது பிறகுதான் உறைத்தது. வெள்ளிக்கிழமை காய்ச்சல் என்று சொல்லி எப்படியாவது அவரைப் படுக்க வைத்துவிடு. மத்தியானம் டைரக்டர் காலில் ஒருமுறை விழுந்து பார்க்கிறேன்.

அத்தானுக்கு என் வணக்கம். கடிதத்தில் வந்தது என்று மட்டும் சொல்லாதே. குழந்தைகளுக்கு ஆசிகள்.

நடுக்கத்துடன்,
தம்பி

பின்குறிப்பு: டிரைவர் கிளம்பத் தாமதம், அதனால் இது. மேலே எழுதியதையெல்லாம் மறந்துவிடு. டைரக்டர் மனமிரங்கிவிட்டார், காட்சியை முழுசாகச் சேர்த்தாயிற்று, படமும் தியேட்டர்களுக்குப் போய்விட்டது. சந்தோஷத்தில் அத்தானுக்கு நானே போன் செய்தேன். நான் வாயைத் திறப்பதற்குள், "மாப்ளே, நாலு நாளா தூக்கமில்லை. கேமராவைப் பாத்துத் தொலைச்சுட்டேன், ஆபீஸே சிரிக்கும். உனக்குப் புண்ணியமாப் போகும், அதை வெட்டிடேன்" என்றார். அழுதுவிடுவார் போலிருந்தது.

"வெட்டியாச்சு அத்தான்" என்று சொல்லிவிட்டேன்.

"உன்னைப் போய் ஆறு வருஷமா தப்பா நெனச்சுட்டேனே. இனிமே தைரியமா எல்லாரையும் கூட்டிட்டுப் போறேன். நீயும் வந்து என் பக்கத்துலயே உக்காரு" என்றார்.