மூணு கொப்பி அண்ணே

எங்கள் ஊர் மஹய்யாவையில் அவரைப் போல முன்ஜாக்கிரதையான மனிதர் அன்றும் இல்லை, இன்றும் இல்லை. வீடியோ கேம் கடை வைத்திருந்தார். சொந்தப் பெயர் யாருக்குத் தெரியும்? எங்களுக்கு அவர் மூணு கொப்பி அண்ணே.

விளையாடி முடித்த இடம்வரை மெமரி கார்டில் பதிவாகும். மற்றக் கடைக்காரர்கள் அதோடு விட்டுவிடுவார்கள். இவர் ஒவ்வொருவர் விளையாட்டையும் மூன்று கார்டில் கொப்பி எடுத்து, ஒன்றைத் தன்னிடமும், ஒன்றைப் பக்கத்து வீட்டு மெனிக்கே அக்காவிடமும், ஒன்றைத் தையல்கடை நானாவிடமும் வைப்பார்.

“எதுக்கண்ணே இந்தக் கூத்து?” என்றேன் ஒருநாள்.

“கலவரத்துல என் கல்யாணப் போட்டோ, பொறப்புச் சான்றிதழ் எல்லாம் ஒரே பெட்டியில எரிஞ்சு போச்சு தம்பி. இப்ப தமிழ் வீட்ல ஒண்ணு, சிங்கள வீட்ல ஒண்ணு, முஸ்லிம் வீட்ல ஒண்ணு. எவன் எந்தப் பக்கம் கொளுத்தினாலும் ரெண்டு மிஞ்சும்ல?”

யுத்தம் உச்சத்தில் இருந்தபோது ஒருநாள் சுற்றிவளைப்பு. கடையில் இருந்த கார்டுகளைப் பொலிஸார் அள்ளினார்கள். பேக்கரியில் வேலைசெய்த ரவியின் சண்டை விளையாட்டுக் கார்டில் அண்ணே முத்து முத்தாக எழுதியிருந்தார்: “ரவி. பாலம் உடைச்சாச்சு. அடுத்தது ஏர்போர்ட்.”

தமிழ் தெரிந்த ஒரு பொலிஸ்காரர் அதை உரக்க வாசித்தார். அவ்வளவுதான், அண்ணே ஜீப்பில். அந்நாளில் ஜீப்பில் போனவர்கள் எல்லோரும் திரும்பி வரவில்லை.

மெனிக்கே அக்கா கேம் மெஷினை என் தலையில் ஏற்றி, பொலிஸ் நிலையத்துக்கு இழுத்துப் போனார். அது வெறும் விளையாட்டு, கார்டைப் போட்டுப் பாருங்கள் என்று அக்கா சொல்லியும் பொறுப்பதிகாரி பெரிய ஐயா அசையவில்லை. கார்டுக்கு சீல் வைத்தாயிற்று, தொட முடியாது என்றார்.

“அதனாலென்ன, என்னிடம் இன்னொன்று இருக்கிறதே!” என்று சிங்களத்தில் அதட்டிய அக்கா, கைப்பையிலிருந்து ரவியின் இரண்டாவது கார்டை எடுத்தார்.

நிலையத்து டீவியில் பொம்மைப் பாலம் ஒன்று உடைந்து கிடந்தது. பெரிய ஐயாவே விளையாடிப் பார்த்து மூன்று தடவை செத்தார். பிறகு, “கூட்டிக்கொண்டு போங்கள்” என்றார்.

“சேர், நீங்க விளையாடினதையும் கொப்பி எடுத்து வைக்கவா?” என்று அண்ணே தொடங்கினார். நான் அவர் இடுப்பில் நறுக்கென்று கிள்ளி வெளியே தள்ளிக்கொண்டு வந்தேன்.

வாசலில் நின்று, வீங்கிய உதட்டோடு என்னைத் தேற்றினார்: “பயப்படாதீங்க தம்பி. நீங்க கேம்ல வென்ற புட்போல் கப்பு, அந்தக் கொப்பி நானா வீட்ல பத்திரமா இருக்கு.”

தலையை ஆட்டினேன். அன்று பொலிஸ் நிலையத்துக்குப் போகிற வழியெல்லாம் நான் நேர்ந்துகொண்டு போனது கப்புக்காக இல்லை, அண்ணே.