சேவல் வழக்கும் தங்கள் சிவப்புப் பென்சிலும்

மதிப்பிற்குரிய ஓய்வுபெற்ற விசாரணை நீதிபதி தோன் எவரிஸ்டோ அவர்களுக்கு, முன்னாள் சார்ஜென்ட் செலெதோனியோ தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு எழுதுவது. தங்கள் முழங்கால் சுகமென்று நம்புகிறேன். என் முழங்காலும் சுகம், பெயர்தான் சுகமில்லை.

பக்கத்து வீட்டு ரெமிஹியாவின் சேவல் காணாமல் போய்ப் பத்து நாளாகிறது. எடுத்தது நான்தான் என்று புது சார்ஜென்ட் அறிக்கை எழுதிவிட்டான். ஆதாரம், அது விடியற்காலையில் கூவும்போதெல்லாம் நான் ஜன்னலைத் திறந்து திட்டினேனாம். புது நீதிபதியம்மா அவன் நீட்டும் காகிதத்திலெல்லாம் கையெழுத்துப் போடுகிறவர் என்று ஊரில் பேச்சு. ரொட்டிக் கடை வரிசையில் ரெமிஹியா, "பத்து நாளா முகத்துல ஒரு தெளிவு தெரியுது சார்ஜென்ட், நல்லாத் தூங்குறீங்களோ?" என்கிறாள். நாற்பது வருஷம் திருடர்களைப் பிடித்த என்னோடு மதுக்கடையில் டாமினோ ஆட இன்று ஆளில்லை.

தங்கள் காலத்தில் இது நடக்குமா, ஐயா? நம் ஊர் கிரோஸ் என்பவன்தான் காணாமல் போன ஓர் ஆட்டைத் திருடினான் என்று நான் எழுதிய அறிக்கையை ஏழு முறை திருப்பி அனுப்பினீர்கள். ஓரத்தில் சிவப்புப் பென்சிலில் இரண்டே சொல்: "பார்த்தது யார்?" ஏழாம் முறை பொறுக்கமாட்டாமல், "அவன் மூஞ்சியே சொல்லுதுங்களே ஐயா" என்றேன். "அப்ப மூஞ்சியைக் கூட்டிட்டு வந்து கூண்டுல ஏத்துய்யா" என்றீர்கள். பிறகு சேற்றை மிதித்துக்கொண்டு அவன் வீட்டுச் சோதனைக்குத் தாங்களே வந்தீர்கள். நீதிமன்ற எழுத்தர் இல்லாமல் நாங்கள் அலமாரியைத் தொடக்கூடாது. அவரோ கண்ணில் பட்டது, காதில் விழுந்தது எல்லாவற்றையும் எழுதினார். "அடுப்பில் பயறு சூப் ஒரு பானை, சூடாக." ஆடு மட்டும் பட்டியலில் இல்லை. மறுவாரம் அது மலையிலிருந்து தானே இறங்கி வந்தது. அன்று தங்களை மனதுக்குள் வைதேன். இன்று அந்தப் பென்சிலை நினைத்தால் கண் கலங்குகிறது.

ஆகையால் புது நீதிபதியம்மாவுக்குத் தாங்கள் ஒரு வரி எழுத வேண்டும்: போலீஸ் சொல்வதை நம்ப வேண்டாம், நேரில் போய்ப் பார்க்கவும் என்று.

தங்கள் ஆலிவ் மரங்கள் கிளை முறியக் காய்க்கட்டும். புனித ரோக் தங்கள் முழங்காலைக் கைவிடாதிருக்கட்டும்.

பணிவுள்ள,
செலெதோனியோ

பி.கு.: உறையை ஒட்டுமுன் புது சார்ஜென்ட் வந்தான். "ஆதாரம் ஒண்ணும் தேறல பெரியவரே, கேஸை மூடிடலாம்னு எழுதிட்டேன்" என்று கை குலுக்கினான். நீதிபதியம்மாதான் மூட மறுத்து, ஓரத்தில் சிவப்பு மையில், "தேடியது யார்?" என்று எழுதியிருக்கிறார். நாளைக் காலை எழுத்தரோடு என் வீட்டுக்கு அவரே வருகிறார். ஆகையால் இதைத் தபாலில் போடாமல் ஆளிடம் கொடுத்தனுப்புகிறேன். மேலே கேட்ட வரி வேண்டாம். போலீஸ் சொன்னால் நம்பலாம் என்று அவருக்குத் தொலைபேசியில் இன்றே ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள். நிலவறை இருட்டில் வைத்தால் கூவாது என்றார்கள், கூவுகிறது. எழுத்தர் அதையும் எழுதிவிடுவார்.