பிரேக் சிங் வைத்த பந்தி

குன்னூர் மலைப்பாதையில் ஓடுகிற பஸ்ஸை நிறுத்தும் வல்லமை அந்தக் காலத்தில் மூன்றுக்குத்தான் இருந்தது: மண்சரிவு, யானை, பிரேக் சிங்.

பஞ்சாபில் அவருடைய ஊர் பிரிவினையில் எல்லைக்கு அந்தப் பக்கம் போய்விட்டது. பட்டாளத்து லாரி ஓட்டி மலையேறியவர், கோத்தகிரி ரோட்டில் பிரேக் பட்டறை போட்டு இங்கேயே தங்கிவிட்டார். எல்லோரையும் 'வாங்க, போங்க' என்றே பேசும் இந்தப் பக்கத்து டிரைவர்களிடம் கற்ற தமிழ் என்பதால் நட்டு போல்ட்டுக்குக்கூட மரியாதை தருவார். "இந்த நட்டு வர மாட்டேங்கறாருங்க" என்று ஸ்பேனரோடு மல்லுக்கட்டுவார்.

ஒரு கார்த்திகைக் குளிரில் குருநானக் பிறந்த நாள் வந்தது. ஊரில் சீக்கியர் வீடு மொத்தமே மூன்று. மூன்று வீடும் சேர்ந்து பட்டறையில் அண்டா நிறையப் பருப்பும் மலைபோலச் சப்பாத்தியும் செய்துவைத்தன. மதியம் தாண்டியும் ஈ காக்கைகூட எட்டிப் பார்க்கவில்லை. தேயிலை ஃபாக்டரி குமாஸ்தாவாகப் பட்டறை மாடியில் குடியிருந்த நானே போகவில்லை. என்னை யார் கூப்பிட்டது? நெய் வாசனையை மோந்தபடி ரோஷமாக உட்கார்ந்திருந்தேன். கடைசியில் பசி ஜெயித்தது. விசாரிக்கும் சாக்கில் இறங்கினேன்.

"ஏனுங்க சிங்கு, யாரையாச்சும் கூப்பிட்டீங்களா?"

"லங்கருக்குக் கூப்பிடறதே இல்லீங்க. யாரு வேணும்னாலும் வந்து உக்காந்து சாப்பிடலாமுங்க."

"நல்லாருக்கு! எங்காளுங்க ஊடு தேடி வந்து கூப்பிடாம பச்சைத் தண்ணிகூடக் குடிக்க மாட்டாங்களே!"

அவர் முகம் வாடிவிட்டது. "எங்க பக்கம் ஊரே வந்து உக்காருமுங்க. இங்கயும் பந்தி நெறஞ்சாத்தானுங்க இது எனக்கு ஊரு."

சொன்னவர், ஸ்பேனரும் கையுமாக ரோட்டுக்கு ஓடிக் குறுக்கே நின்றார். கோத்தகிரி பஸ் கிறீச்சிட்டு நின்றது. டிரைவருக்கு முகம் வெளுத்துவிட்டது.

"என்னங்க சிங்கு, பிரேக்குங்களா?"

சிங்குக்குப் பொய் வராது. "பிரேக் ரொம்ப நல்லாருக்குதுங்க. எல்லாரும் எறங்கிச் சாப்பிட்டுட்டுப் போங்க."

பிரேக் சிங்கே வழிமறித்து எல்லாரையும் இறங்கச் சொன்னால் பிரேக் போய்விட்டது என்றுதானே அர்த்தம்? பிரேக் பிடித்ததால்தானே பஸ் நின்றது என்று ஒருவருக்கும் தோன்றவில்லை. முட்டைக்கோஸ் மூட்டையைப் போட்டுவிட்டுக் குதித்தவர்கள் உண்டு. முதலில் குதித்தது டிரைவர்.

தலையை மூடிக்கொண்டுதான் லங்கரில் உட்கார வேண்டும். அதற்காக அடுக்கிவைத்த கைக்குட்டைகளுக்கு வேலையே வரவில்லை. பஸ்ஸே குரங்குக் குல்லாவில்தான் வந்திருந்தது. "பிரேக் சரியாயிருச்சுங்களா?" என்று சப்பாத்திக்குச் சப்பாத்தி கேட்டார்கள். "கெடவே இல்லீங்க" என்று அவர் சொல்லச் சொல்ல, பயத்தில் இன்னும் இரண்டு வாங்கிக்கொண்டார்கள். வாளியோடு ஓடி ஓடிப் பரிமாறிய சிங்கின் தாடியெல்லாம் கண்ணீர்.

அடுத்த வருஷம் பஸ் தானாகவே நின்றது. நான் அதற்கு முன்பே போய் முதல் ஆளாக உட்கார்ந்திருந்தேன். என் ஆயுசில் யாரும் கூப்பிடாமலே நான் போய்ச் சாப்பிட்ட இடம் அது ஒன்றுதான்.