கார்டு கேட்ட கேள்விகள்

ஒரு புதன்கிழமை மத்தியானம் லெமுவல் ஹாப்ஸ், வாழ்க்கையில் முதல் தடவையாக மனைவிக்குத் தெரியாமல் ஒரு காரியம் செய்வதென்று முடிவெடுத்தார். இதற்கு முன்னாலும் நாலைந்து தடவை அப்படி முடிவெடுத்திருக்கிறார். அதெல்லாம் அன்றன்றைக்கே மனைவி ஆர்டிஸுக்குத் தெரிந்துபோய்விட்டதால் கணக்கில் சேராது.

காரியம் இதுதான். மார்லோ ஊர்ச் சந்தைத் திடலில் வருஷத்துக்கு ஒருமுறை புகைக்கறிப் போட்டி நடக்கும். முழுப் பன்றியை ஹிக்கரி விறகுப் புகையில் பதினாறு மணி நேரம் வாட்டி நடுவர்களுக்குப் பரிமாற வேண்டும். மர மில்லில் முப்பது வருஷமாக மற்றவன் வெட்டிய மரத்தைத் தூக்கி வைக்கிற லெமுவலுக்கு, உலகத்தில் தன்னுடையது என்று சொல்லிக்கொள்ள இருந்தது இந்த ஒரு கைப்பக்குவம்தான். அவர் வாட்டிய கறியைச் சாப்பிட்டுவிட்டுப் போதகரே ஒருமுறை பிரசங்கத்தை மறந்து நின்றார்.

ஆனால் போன வருஷம் ஒரு தப்பு நடந்துவிட்டது. பன்றியை உப்புத் தண்ணீரில் ஊறப்போட வீட்டில் அத்தனை பெரிய பாத்திரம் கிடையாது. குளிக்கிற தொட்டி இருந்தது. அந்த வாரம்தான் ஆர்டிஸின் அக்கா லிட்டில் ராக் ஊரிலிருந்து வந்திருந்தாள். குளிக்கப் போய் திரைச்சீலையை விலக்கினாள். அவள் போட்ட சத்தத்தில் பக்கத்து வீட்டு ராஸ்கோ துப்பாக்கியோடு ஓடி வந்தான். அன்றைக்கு ஆர்டிஸ் ஒரே வார்த்தைதான் சொன்னாள். இனிமேல் போட்டியும் கிடையாது, ஒன்றும் கிடையாது.

இந்த வருஷம் பெயர் கொடுக்கக் கடைசி நேரம் சனிக்கிழமை பகல் பன்னிரண்டு. கட்டணம் நூற்றைம்பது டாலர். ரொக்கம் வாங்க மாட்டார்களாம். இணையத்தில், கார்டில் மட்டுந்தான். லெமுவலிடம் கார்டு ஏது? சம்பளம் நேராக ஆர்டிஸின் பேங்குக் கணக்குக்குப் போய்விடும். பேங்கு கொடுத்த கார்டு, அவர் ஒரே சாயங்காலத்தில் மூன்று மின்ரம்பம் வாங்கிவந்த நாளிலிருந்து ஆர்டிஸின் கைப்பையில் இருக்கிறது.

ராஸ்கோதான் வழி சொன்னான். "டாலர் கடையில சூயிங்கம் பக்கத்துல கார்டு தொங்குது பாரு. பேங்கும் வேணாம், மேனேஜரும் வேணாம். காசக் குடுத்தா உள்ள ஏத்திடுவாங்க. தீந்தா மறுபடி ஏத்திக்கலாம். உன் பேருல, உன் கையில."

உன் கையில என்ற வார்த்தை லெமுவலின் நெஞ்சில் போய் உட்கார்ந்துகொண்டது. இரண்டு மாதமாக அடுத்த ஊர்க் கல்லறைத் தோட்டத்தில் புல் வெட்டி இருநூறு டாலர் சேர்த்திருந்தார். அங்கே குடியிருப்பவர்கள் யாரும் ஆர்டிஸிடம் போய்ச் சொல்ல மாட்டார்கள் என்பது ஒரு தைரியம்.

கடையில் பணம் வாங்கிக்கொண்ட பெண், கார்டில் இருநூறையும் ஏற்றிக் கொடுத்தாள். இணையத்தில் செலவழிக்க வேண்டுமானால் பின்னால் இருக்கும் நம்பரைக் கூப்பிட்டு ஒருமுறை திறந்துவிட வேண்டும் என்றாள். மெஷின்தான் பேசும். அவரைப் பற்றி நாலு கேள்வி கேட்கும். இரண்டு நிமிஷ வேலை.

"என்னப் பத்தியா? அதுல என்ன இருக்கு" என்று லெமுவல் சிரித்துக்கொண்டே வெளியே வந்தார்.

வண்டியில் உட்கார்ந்து கண்ணாடியை ஏற்றிவிட்டு நம்பரை அழுத்தினார். பிறந்ததிலிருந்தே சிரிக்காத ஒரு குரல் பேசியது. பதிவேடுகளில் உள்ள விவரங்களிலிருந்து சில கேள்விகள் கேட்கப்படும். ஒவ்வொன்றுக்கும் பத்து விநாடிக்குள் விடைக்குரிய எண்ணை அழுத்த வேண்டும்.

"நீங்கள் தற்போது வசிக்கும் வீடு எந்த ஆண்டு வாங்கப்பட்டது? தொண்ணூற்றேழு எனில் ஒன்று. தொண்ணூற்றெட்டு எனில் இரண்டு. தொண்ணூற்றொன்பது எனில் மூன்று."

லெமுவலுக்கு அந்த வீட்டின் ஓட்டை உடைசல் எல்லாம் தெரியும். எந்தப் பலகை கத்தும் என்பது தெரியும். எந்த ஆண்டு? ஒன்பது, எட்டு, ஏழு என்று விநாடிகள் மனசுக்குள் ஓடின. கர்த்தரே என்று சொல்லி இரண்டை அழுத்தினார்.

அடுத்து வீட்டுக் கடன் மாதத் தவணை எவ்வளவு என்றது. அதற்கும் கர்த்தரே என்று ஒன்றை அழுத்தினார்.

"நன்றி. நீங்கள்தான் நீங்கள் என்று எங்களால் உறுதி செய்ய இயலவில்லை. நாளை மீண்டும் முயலவும். மூன்று முறை தவறினால் இந்தக் கார்டு மூடப்பட்டு, தொகை காசோலையாக உங்கள் வீட்டு முகவரிக்கு அனுப்பப்படும்."

கல்யாணமான முப்பத்தோரு வருஷமாக வீட்டுக்கு வருகிற தபாலைப் பிரிக்கிற கை ஒன்றே ஒன்றுதான். அது அவருடைய கை இல்லை.

அன்று சாப்பாட்டு மேசையில் பொரித்த கெளுத்தி மீனை உதிர்த்துக்கொண்டே, வானிலை கேட்கிற மாதிரி கேட்டார்.

"ஏன் ஆர்டிஸ், நாம இந்த வீட்ட எந்த வருஷம் வாங்கினோம்?"

"எதுக்கு?"

"சும்மாதான். ஒரு மனுஷன் தெரிஞ்சு வச்சிருக்கணும்ல."

"இருவத்தாறு வருஷமா தெரியாமத்தான இருந்த. உடம்புக்கு ஒண்ணும் வரலையே." சோள ரொட்டியை அவர் பக்கம் தள்ளினாள். "தொண்ணூத்தொம்பது மார்ச். நீ கையெழுத்துப் போட்டுட்டு வண்டியில போய்த் தூங்கிட்ட."

கடன் தவணையையும் அதே மூச்சில் கேட்டு வாங்கிவிட்டார். மில்லில் ஏதோ இன்ஷூரன்ஸ் ஃபாரம் என்று காரணம் சொன்னார். ஆர்டிஸ் அவரை ஒரு கணம் பார்த்தாள். அப்புறம் மீனைப் பார்த்தாள். இரண்டையும் ஒரே மாதிரிதான் பார்த்தாள்.

வியாழக்கிழமை இடைவேளையில் மரக்கட்டைக் குவியலுக்குப் பின்னால் நின்று மறுபடி கூப்பிட்டார். தொண்ணூற்றொன்பது என்பதை வாய்க்குள் ஜெபம் போலச் சொல்லிக்கொண்டே காத்திருந்தார். மெஷின் வீட்டைப் பற்றி மூச்சே விடவில்லை.

"உங்கள் பெயரில் பதிவான வாகனத்தின் நிறம் என்ன?"

லெமுவலுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. வண்டி எதிரேயே நிற்கிறது. பச்சை என்றால் பச்சை, ஆமை மாதிரிப் பச்சை. மூன்றை ஓங்கி அழுத்தினார். அடுத்து, திருமணத்துக்கு முன் எந்தத் தெருவில் வசித்தீர்கள் என்று நாலு தெருப் பெயர் சொன்னது. நாலுமே தெரிந்த பெயராக இருந்ததுதான் சங்கடம்.

"நன்றி. நீங்கள்தான் நீங்கள் என்று எங்களால் உறுதி செய்ய இயலவில்லை. உங்களுக்கு ஒரு வாய்ப்பு மீதமுள்ளது."

சாயங்காலம் வேலிக்கு அந்தப் பக்கமிருந்து ராஸ்கோ கேட்டான். "நீதான் நீன்னு நிரூபிச்சியா?"

"இல்ல."

"எனக்கே கொஞ்ச நாளா சந்தேகம்தான்."

லெமுவல் சிரிக்கவில்லை. ஒரே வாய்ப்பு. அது போனால் போட்டி போச்சு. கூடவே ஒரு காசோலை தபாலில் வந்து, புல் வெட்டிய கதையிலிருந்து எல்லாவற்றையும் சமையலறை மேசையில் பரப்பி வைக்கும். அடுத்த வருஷம் அவருக்கு வயசு அறுபது. பதினாறு மணி நேரம் நெருப்புக்கு முன்னால் நிற்க முழங்கால் இன்னும் எத்தனை வருஷம் சம்மதிக்குமோ. ராத்திரி படுக்கிறபோது அவர் ஜெபம் பண்ணினார் என்று கேள்வி. கர்த்தர் கேட்டிருப்பார், ஆனால் இந்த விஷயத்தில் சிரிக்காமல் கேட்டிருப்பாரா என்பதுதான் சொல்ல முடியவில்லை.

வெள்ளிக்கிழமை கார்டைத் தொடவே இல்லை. அன்று முழுக்கப் படிப்பு. மில்லிலிருந்து வந்ததும், ஆர்டிஸ் பின்வாசலில் உரித்துக்கொண்டிருந்த காராமணிக் கூடைக்குப் பக்கத்தில் நாற்காலி போட்டுக்கொண்டு தானும் உரிக்க உட்கார்ந்தார். முப்பத்தோரு வருஷத்தில் அவர் ஒரு காராமணியை உரித்ததாக வரலாறு கிடையாது.

ஒவ்வொரு கேள்வியாக எடுத்துவிட்டார். கல்யாணத்துக்கு முன்னால் அவர் எந்தத் தெருவில் இருந்தார் என்றார். அவருடைய அம்மாவின் பிறந்த வீட்டுப் பெயர் என்ன, தண்ணீர்க் கட்டணம் யார் பெயரில் வருகிறது, ரைலி மளிகைக் கடைக்காரன் கடனுக்குச் சாமான் கொடுத்த காலத்தில் கடை எந்த மூலையில் இருந்தது, தன் நடுப் பெயரில் ஒரு எல் வருமா இரண்டு வருமா என்று வரிசையாகப் பதினேழு கேள்வி. ஆர்டிஸ் தலை நிமிராமலே ஒவ்வொன்றுக்கும் பதில் சொன்னாள். ஒவ்வொரு பதிலுக்கும் ஒரு கைப்பிடி காராமணியை அவர் மடியில் போட்டாள். அவள் குனிகிற நேரம் பார்த்து லெமுவல் தொப்பியைக் கழற்றி, உள்பக்கத்துத் துணியில் பேனாவால் எழுதிக்கொண்டார்.

"வண்டி என்ன நிறம்?" என்றார் கடைசியாக, முந்தின நாள் தோற்ற இடம் உறுத்தியதால்.

"வெள்ளை."

"பச்ச. அதோ நிக்குது."

"நீ பச்ச அடிச்ச. பதிவு ஆபீசுக்குப் போய்ச் சொன்னியா? கவர்மெண்ட்டுக்கு இன்னும் அது வெள்ளைதான்." கூடையைக் கவிழ்த்துத் தட்டினாள். காலியாக இருந்தது. "மில்லுக்கு உன் மேல எவ்வளவு அக்கறை. வண்டி நிறமெல்லாம் கேட்டு இன்ஷூரன்ஸ் பண்றாங்க."

சனிக்கிழமை காலை பதினொன்றரைக்கு ராஸ்கோ வீட்டுக் கொல்லையில் இருவரும் உட்கார்ந்தார்கள். ராஸ்கோவின் ஃபோனில் போட்டிக்குப் பெயர் கொடுக்கும் பக்கம் திறந்திருந்தது. மேலே நேரம் குறைந்துகொண்டே வந்தது. லெமுவல் தொப்பியைக் கழற்றி மடியில் மல்லாத்தி வைத்துக்கொண்டார். பதினேழு பதிலும் இருந்தன. நம்பரை அழுத்தினார். வருஷமா, தவணையா, தெருவா, எது வந்தாலும் வரட்டும் என்று தொப்பிக்குள் பார்த்தபடி இருந்தார்.

"வணக்கம், லெமுவல். நீங்கள்தான் நீங்கள் என்பது இன்று காலை எட்டு நாற்பதுக்கு உறுதி செய்யப்பட்டது. உங்கள் கார்டு திறந்துள்ளது. செலவழிக்கும்போது, நீங்கள் அமைத்த நான்கு இலக்க ரகசிய எண்ணை அழுத்தவும்."

இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"நல்லதுதான, அமுக்கு" என்றான் ராஸ்கோ.

"எதை?"

"நீ வச்ச நம்பர."

"நான் வைக்கல."

"நீதான் வச்சேன்னு சொல்லுது."

எட்டு நாற்பதுக்கு லெமுவல் குப்பைத் தொட்டியைத் தெருமுனைக்கு உருட்டிக்கொண்டு போயிருந்தார். அந்த நேரத்தில் வீட்டில் இருந்தது யார் என்று நினைத்துப் பார்க்க அவருக்கு அதிக நேரம் ஆகவில்லை. தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு, தண்டனை வாங்கப் போகிற பையன் மாதிரி வேலியைத் தாண்டிப் போனார். ராஸ்கோ ஃபோனோடு பின்னாலேயே வந்து கம்பிவலைக் கதவுக்கு வெளியே நின்றுகொண்டான். உள்ளே வர அவனுக்குத் தைரியம் இல்லை.

ஆர்டிஸ் உரித்த காராமணியைப் பைகளில் அடைத்துக்கொண்டிருந்தாள். மணி பதினொன்று நாற்பது.

"அந்தக் கேள்வியெல்லாம் மில்லு கேக்காது லெமுவல்" என்றாள் அவளாகவே. "ஒவ்வொரு புதன்கிழமையும் ஜெபக்கூட்டம் முடிஞ்சதும் நீ வண்டியில தூங்குவ. நான் உள்ள உக்காந்து, பென்ஷன் கார்டு வாங்கின விதவைச் சகோதரிங்களுக்கு ஒவ்வொருத்தருக்கா இதே மெஷினுக்குப் பதில் அமுக்கிக் குடுக்குறேன். பதினோரு கார்டு திறந்தாச்சு. நீ வீட்டு வருஷம் கேட்டப்பவே கார்டுன்னு தெரியும். தேட வேண்டிய இடமும் ஒண்ணே ஒண்ணுதான். நீ திறக்கவே திறக்காத எடத்துலதான் ஒளிச்சு வைப்ப. உன் பைபிள்ல இருந்துச்சு."

லெமுவல் தலையைக் குனிந்துகொண்டார். மெஷின் என்னென்ன கேட்டது என்று மெதுவாக விசாரித்தார். நாலே நாலு கேள்வி என்றாள். நாலும் சரி. அவர் முதல் வேலையில் சேர்ந்த ஆண்டைக்கூடக் கேட்டதாம்.

"அந்த ரகசிய நம்பர்..."

"கஷ்டமானதா வைக்கல. உனக்கும் ஞாபகம் இருக்கணும்னுதான். நம்ம கல்யாண நாள். மாசம் ரெண்டு நம்பர், தேதி ரெண்டு நம்பர்."

லெமுவல் கை தானாகத் தொப்பியைத் திருப்பியது. பதினேழு பதில் இருந்தது. இது இல்லை. மெஷின் இதைக் கேட்கும் என்று அவர் நினைக்கவே இல்லை. வெளியே ராஸ்கோ, மணி பதினொன்று நாற்பத்தைந்து என்று மெதுவாகச் சொன்னான்.

"ஜூன்..." என்று ஆரம்பித்தார் லெமுவல்.

"அந்த வருஷம் ஜூன்ல நாம பேசிக்கவே இல்ல."

இன்னும் இரண்டு நிமிஷம் போனது. இரண்டு நிமிஷம் என்பது எவ்வளவு நீளம் என்று லெமுவல் அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டார். கார்டை எடுத்து மேசைமேல் வைத்து, அவள் பக்கமாகத் தள்ளினார்.

"நீயே அமுக்கிடு, ஆர்டிஸ்."

"குளிக்கிற தொட்டி?"

"பக்கத்துலகூடப் போக மாட்டேன்."

"குளிக்கப் போகலாம்" என்றாள் ஆர்டிஸ். கையைத் துடைத்துக்கொண்டு கதவிடுக்கு வழியாக ராஸ்கோவின் ஃபோனை வாங்கினாள். கண்ணாடியைப் போட்டுக்கொண்டாள். கார்டு நம்பரையும் ரகசிய எண்ணையும் அழுத்தினாள், கட்டணம் போனது. அணியின் பெயர் கேட்டது, ஹாப்ஸ் என்று போட்டாள். அணித் தலைவர் என்று வந்த இடத்தில் ஆர்டிஸ் ஹாப்ஸ் என்று போட்டாள்.

லெமுவல் எட்டிப் பார்த்தார். "தலைவர் நீயா? வாட்டுறது நான்."

"வாட்டு. யாரு வேணாம்னா. அடுப்படியில நிக்கிறவங்கள யாரு தலைவர்னு சொல்லியிருக்காங்க, இந்த வீட்டுல?" அடுத்த கட்டத்துக்குப் போனாள். "உதவியாளர். லெமுவல் ஹாப்ஸ். போட்டாச்சு."

மணி பதினொன்று ஐம்பத்தாறு. பக்கத்தின் அடியில் ஒரே ஒரு கட்டம் பாக்கி. அதை நிரப்பினால்தான் அனுப்ப முடியும். ஆர்டிஸ் குனிந்து படித்தாள்.

"உதவியாளர் பிறந்த தேதி கேக்குது."

லெமுவல் நிமிர்ந்தார். வாயைத் திறந்தார்.

"நீ சும்மா இரு" என்றாள் ஆர்டிஸ், அழுத்திக்கொண்டே. "தப்பாச் சொல்லிடுவ."