கண்ணால் கண்ட சோமன்

"மரச்சீனிக் கிழங்கு கட்டி கட்டியா கிடக்குதே அம்மிணி! கோர்ட்டுக்குப் போற ஆளுக்கு இதையா கிண்டி வைப்ப?" சோமன் தட்டைத் தள்ளினான்.

"கரண்டிக் காம்ப வச்சுக் கிண்டினா அப்பிடித்தான் இருக்கும். எனக்க அம்மை தந்த, கிழங்கு கிண்டுத பலாமரத் துடுப்பு காணாமப் போயி எந்தக் காலமாச்சு! நீங்க ஒரு நாளாவது தேடினியளா?"

சோமன் சட்டைக்கு இஸ்திரி போடப் போனான். கொல்லயில் ஊரில் இப்போது அவன் சாதாரண ஆளில்லை. கண்ணால் கண்ட சாட்சி.

ஒரு நாள் அந்தியில், கரண்டு போன நேரத்தில், சந்தியைத் தாண்டிய ரோட்டு வளைவில், உள்ளூர்க் கருணாகரனை யாரோ பின்னாலிருந்து மண்டையில் அடித்துவிட்டு ஓடிவிட்டார்கள். கருணாகரனின் ஆடு ஊரார் மரச்சீனியை எல்லாம் மேய்ந்து தீர்த்திருந்தது. அதிகம் போனது சோமனின் தோட்டத்தில்தான். ஆனாலும் அவன் வாய் திறக்கவில்லை, அவ்வளவு அடக்கம். பூவாரில் படகு ஓட்டும் பொன்னப்பன் மட்டும் சந்தியில் நின்று ஆட்டையும் கருணாகரனையும் சேர்த்துத் திட்டினான். அதுவே அவனுக்கு வினையாயிற்று.

"பொன்னப்பன் அடிச்சத நான் கண்டேன்" என்று சோமன் சொன்னதை நம்பி, கீழ்க்கோர்ட்டு பொன்னப்பனுக்கு இரண்டு வருடம் ஜெயில் போட்டது. பொன்னப்பன் அப்பீலுக்குப் போனான். சாட்சி சொன்ன இடமும் வெளிச்சமும் ஒத்துவரவில்லை என்று, அப்பீல் கோர்ட்டு சோமனை மறுபடி கூப்பிட்டிருந்தது.

"நானும் வாறேன்" என்றாள் அம்மிணி. "நெய்யாற்றின்கரை சந்தையில ஒரு துடுப்பு வாங்கணும்."

"வா, வா. எனக்க சாமர்த்தியத்த நீயும் கொஞ்சம் பாரு."

பொன்னப்பனின் வக்கீல் தாரா சின்ன வயதுப் பெண். அவளைப் பார்த்ததும் சோமனுக்குப் பாதி பயம் போய்விட்டது. மலையாளத்தில் தொடங்கிய விசாரணை அவன் வசதிக்காகத் தமிழுக்கு வந்தது.

"எங்க நின்னு பாத்தீங்க?"

"சந்தியில, மேடம்."

"சந்தியிலேந்து பாத்தா வளைவு மறைக்குமே?"

"சந்தியிலேந்து நடந்து வந்தாச்சு. வேதமாணிக்கத்துக்க வீட்டு மதிலுக்குப் பின்னால நின்னேன்."

"அது ஆளுயர மதில் இல்லியா?"

"அதனால மதிலச் சுத்தி ரோட்டுக்கு வந்தேன்."

"கரண்டு இல்ல. இருட்டில மொகம் எப்படித் தெரிஞ்சுது?"

"அதுக்குத்தானே கிட்டப் போனேன்!"

"எவ்வளவு கிட்ட?"

"கையெட்டும் தூரமாக்கும்."

யாரோ சிரித்தார்கள். பொன்னப்பனின் மனைவி விலாசினி மட்டும் சிரிக்கவில்லை. முந்தானையைக் கடித்துக்கொண்டு நின்றாள். அவன் உள்ளே போனால் வீட்டில் சம்பாதிக்க வேறு ஆளில்லை. பார்க்கப் பாவமாக இருந்தது. சோமன் அந்தப் பக்கம் திரும்பவே இல்லை.

"கையெட்டும் தூரத்தில நின்னும் தடுக்கல்லியா?"

"பயந்து போனேன் மேடம்."

"பயந்த ஆளுக்கு என்ன தெரிஞ்சிருக்கும்? நீங்க அந்த இடத்துக்கே போகல்ல. ஒண்ணையும் பாக்கவும் இல்ல. சும்மா கதை விடுதீங்க."

சோமனுக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. பொய்யன் என்று சொன்னால்கூடப் பொறுப்பான். அம்மிணி பார்க்கும்போது சொன்னால் பொறுப்பானா?

"நான் போகல்லியா? அடிச்ச கம்பு எப்பிடி இருக்கும்னு கேளுங்க! நுனி கருகியிருக்கும். பிடியில ஒரு கீறல். கீறல்ல செம்புக் கம்பி சுத்தியிருக்கும். நான் சொன்னது தப்புன்னா என்னைத் தூக்கி உள்ள போடுங்க!"

ஜட்ஜ் நிமிர்ந்து உட்கார்ந்தார். போலீஸ் ஓடையிலிருந்து எடுத்த அந்தக் கம்பை இதுவரை சோமனுக்கு யாரும் காட்டியதில்லை. பொட்டலத்தைப் பிரிக்கச் சொன்னார்.

கருகிய நுனி. பிடியில் கீறல். செம்புக் கம்பி.

அரசு வக்கீலின் முகம் மலர்ந்தது. மண்டையைத் தடவிக்கொண்டிருந்த கருணாகரன், சோமனை நன்றியோடு பார்த்துக் கும்பிட்டான். பொன்னப்பன் தலையைத் தொங்கப் போட்டான். சோமன் நெஞ்சை நிமிர்த்தி, பின் பெஞ்சில் அம்மிணி பார்த்தாளா என்று திரும்பினான்.

அவள் எழுந்தே நின்றிருந்தாள்.

"சாரே, அது எனக்க துடுப்பாக்கும்! கேட்டியளா, இனி நாம சந்தைக்குப் போவாண்டாம்!"