ஒரே பாதைக்கு ஊர்ப்பட்ட மனு

“என் மனுவுல மட்டும் இன்னாத்துக்கு ‘யாசிக்கிறேன்’னு போட்டே? பாண்டியனுக்கு ‘கோருகிறேன்’னு கீது. அவன் இன்னா கலெக்டருக்கு மாமனாரா?”

மார்த்தாள் கேட்டதற்கு ஷாரோன் என்ன பதில் சொல்வாள்? உத்திரமேரூர் பஸ் ஸ்டாண்டு ஓரம் ஜெராக்ஸ் கடை வைத்துப் பிழைக்கிறவளுக்கு இந்த வம்பு தேவையா?

அவளும் மார்த்தாளும் குடியிருக்கும் காலனி கேட்டதெல்லாம் சுடுகாட்டுக்கு ஒரு பாதை. பிணத்தைத் தூக்கினால் முழங்கால் சேற்றில், அடுத்தவன் நெல்வயலில், ஏச்சு வாங்கிக்கொண்டேதான் போகவேண்டும். மார்த்தாளின் வீட்டுக்காரர் வேறு பாயோடு பாயாகக் கிடக்கிறார். “அவரையாச்சும் ரோட்டுல கொண்டும் போவணும்டி” என்று மார்த்தாள் அழாத நாளில்லை.

முதலில் வீட்டுக்கு ஒன்றாக, ஒரே வாசகத்தில் மனு அடித்துக் கொடுத்தாள் ஷாரோன். மனு வாங்கும் நாளன்று தாலுகா ஆபீஸ் அதிகாரி சசிரேகா மேடம் அந்தக் கட்டைப் புரட்டிப் பார்த்தார்.

“எல்லாம் ஒரே மாதிரி இருக்கே! யாராவது தூண்டி விட்டாங்களா? அவங்கவங்க சொந்த வார்த்தையில எழுதிட்டு வாங்க.”

சொந்த வார்த்தையா? காலனிக்காரர்கள் சொந்த வார்த்தையில் எழுதியிருந்தால் மனுவோடு சேர்த்து ஆளையும் உள்ளே தள்ளியிருப்பார்கள்! ஷாரோனே உட்கார்ந்து வார்த்தைகளை மாற்றினாள். சிலருக்குச் சுடுகாடு, சிலருக்கு இடுகாடு, மிச்சம் பேருக்கு மயானம்.

ஆபீசிலிருந்து விசாரணைக்கு ஓர் ஆள் வந்தார்.

“ஒரு காலனிக்கு எதுக்குய்யா மூணு இடம்?”

“ஒண்ணுக்கே வயி இல்ல சார்!” என்று பாண்டியன் கத்தினான்.

வந்தவர் ‘முரண்பட்ட தகவல்’ என்று எழுதிக்கொண்டு போய்விட்டார். அத்தனை மனுவும் திரும்பி வந்தது.

இந்தத் தடவை ஷாரோன் உஷார். எல்லாருக்கும் சுடுகாடுதான். கேட்கிற வார்த்தையை மட்டும் மாற்றினாள். அதில்தான் மார்த்தாள் வந்து சண்டை பிடித்தாள்.

“சரி பெரிம்மா, ‘வலியுறுத்துகிறேன்’னு போடறேன், போதுமா?”

போதவில்லை. மார்த்தாளுக்கு வலியுறுத்தல் என்றால் எதிர்வீட்டு மலர்க்கொடிக்கு மட்டும் மன்றாடலா? அவளும் வந்துவிட்டாள். பாண்டியனோ, “எனுக்கு ‘எச்சரிக்கிறேன்’னு போடு” என்றான். தலைவலி மாத்திரையைப் போட்டுக்கொண்டு ஷாரோன் அத்தனையும் அடித்துக் கொடுத்தாள். மேடம் சிரித்த முகமாக வாங்கிக்கொண்டார்.

மழை பிடித்தது. மார்த்தாளின் வீட்டுக்காரர் போய்ச் சேர்ந்தார். சேற்றில் பாடை சாய்ந்தது. கிழவரை வாரியெடுத்துத்தான் கொண்டுபோனார்கள். மார்த்தாள் நெஞ்சில் அடித்துக்கொண்டு கதறிய அந்த நேரம் பார்த்து எல்லாருடைய போனிலும் மெசேஜ் வந்தது: ‘தங்கள் மனு பரிசீலிக்கப்பட்டு முடித்துவைக்கப்பட்டது.’

மறுநாள் ஷாரோன் ஆபீசுக்கு ஓடினாள். மேடம் லீவு. வாசலில் பியூன் கிருஷ்ணசாமி டீ குடித்துக்கொண்டிருந்தார்.

“எத்தினி வாட்டிண்ணே வார்த்தய மாத்தறது? இன்னும் எப்படித்தான் எய்துறது?”

கிருஷ்ணசாமி இரண்டு பக்கமும் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

“அட போம்மா, ஒரே வாசகத்துல அத்தினி மனு வந்தா ஊர்ப் பிரச்சனைன்னு கலெக்டரே நேர்ல வந்து பாக்கணும்; அதுக்குத்தான மேடம் உன்னைய வேற வேற மாரி எய்தியாரச் சொன்னாங்கோ!”