வெறுப்புக் காட்சி, டேக் பதினேழு

"கட்! கட்! இது வெறுப்பா? இப்படியா வெறுப்பாங்க?"

பதின்மூன்றாவது டேக்கும் போயிற்று. இயக்குநரின் வீட்டுச் சமையலறையில், விவாகரத்துக்கு முந்தைய நாள் காட்சி. மனைவியாக நடித்தது அவருடைய சொந்த மனைவி. கணவனாக நடித்தவர், மின்சார மீட்டர் அளவைக் குறித்துக்கொண்டு போக வந்த இடத்தில் மடக்கிப் பிடிக்கப்பட்டவர். அருவருப்போடு பார்க்க வேண்டிய அவள் கண்ணில் காதல் வழிந்தது.

இயக்குநர் முன்னாள் நடிகர். பத்து வருடம் தொடர்களில் 'ஸாரி' சொல்லும் டாக்டராகவே வந்தார். கடைசித் தொடரில் சுவரில் மாட்டிய போட்டோவாக மட்டும் வந்தார். அதோடு நடிப்பே பிடிக்காமல் போய், சொந்தமாகப் படமெடுக்கக் கிளம்பிவிட்டார். அவர் பாணி ஒன்றே ஒன்றுதான்: "நடிக்காதீங்க, சும்மா இருங்க." மீட்டர்காரர் சும்மா இருப்பதில் மேதை.

"ஏம்மா அப்படிப் பாக்கற?"

"நீங்கதானே நடிக்காதே, மனசுல இருக்கறதக் காட்டுன்னு சொன்னீங்க?"

மானிட்டரில் மூக்கு இடிக்க உட்கார்ந்திருந்தவருக்கு வயிறு பற்றி எரிந்தது. கல்யாணமாகி ஒன்பது வருடம். இப்படி ஒரு பார்வை அவருக்குக் கிடைத்ததே இல்லை.

"திட்டு. நல்லா திட்டு!"

"போய்யா, உன்கூட வாழ்ந்தது போதும்."

அந்தப் 'போய்யா' கொஞ்சலாக வந்து விழுந்தது. மீட்டர்காரரின் காது சிவந்தது.

வசனத்தை வெட்டினார். பேச்சு நின்றதும் பார்வை இரட்டிப்பானது.

மீட்டர்காரரைக் கேமராவுக்கு முதுகு காட்டி நிற்கவைத்தார். இப்போது மானிட்டர் முழுக்க அவள் முகம்தான். போதாததற்கு ஒரு புன்னகை வேறு.

"சார்," என்றார் மீட்டர்காரர் பரிதாபமாக, "எனக்கு வீட்ல மூணு பொண்ணுங்க. நான் மீட்டரை மட்டும் பாத்துட்டுப் போயிடறேனே?"

"போங்க! நானே நடிச்சுக்கறேன்!"

பள்ளி விடுமுறையில் மைக் பிடிக்க வந்திருந்த கணக்கு வாத்தியாரான மச்சினன் கேமராவையும் சேர்த்துக் கவனித்துக்கொண்டான். இயக்குநர் மனைவியின் எதிரே போய் நின்றார்.

"எங்கே, அந்தாளைப் பாத்த மாதிரி என்னைப் பாரு பாக்கலாம்."

"எந்தாளை?" என்றாள். கேட்ட மாத்திரத்தில் அவளுக்குப் புரிந்துவிட்டது. முகம் மாறியது. கசப்பு, அருவருப்பு, எல்லாம் கச்சிதமான அளவில். கையிலிருந்த தட்டை 'டொக்'கென்று வைத்துவிட்டு வெளியே போய்விட்டாள்.

"டேக் ஓகே மாமா! இதைத்தானே காலைலேர்ந்து கேட்டீங்க!"

இயக்குநர் அடுப்படியிலேயே சரிந்து உட்கார்ந்தார்.

"படம் கெடக்கு மாப்ள. என் வாழ்க்கையே போச்சு. அவரை அப்படிப் பாத்தவ, என்னை இப்படிப் பாக்கறா."

மச்சினன் மைக்கைக் கீழே வைத்தான்.

"அவரையா? பதினாறு டேக்கும் அவர் தோளுக்கு மேல அக்கா உங்களைத்தான் பாத்துக்கிட்டிருந்தா மாமா. நீங்கதான் மானிட்டர்லேர்ந்து தலையத் தூக்கவே இல்ல."